வாகனத்தடியில் இருந்தவரின் வாய்தா

என் கட்சிக்காரர், பெருமாள் வீதிக்கு வரும்போது வாகனத்தைத் தோளில் சுமக்கும் தாங்கிகளில் ஒருவர். பெரியப்பா மகனோடு ஏதோ வாய்த்தகராறு கைகலப்பாகி, அந்த அண்ணனின் இடது தோள் எலும்பு முறிந்தது. வழக்கானது. நான்தான் ஜாமீன் வாங்கிக் கொடுத்தேன். அண்ணன் பக்கமே போகக் கூடாது, வாய்தா தவறக் கூடாது என்று நிபந்தனை. மனிதர் இரண்டு வாய்தாவுக்கு வரவில்லை. இரண்டு முறையும் உற்சவம்.

"பெருமாள் வேலைன்னா கோர்ட்டு கோச்சிக்குமாம்மா?" என்று என்னையே கேட்டார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. கோர்ட்டு கோபித்துக்கொள்ளாது, உள்ளே தூக்கிப் போடும் என்றேன்.

அடுத்த வாய்தாவும் வாகனப் புறப்பாட்டன்றே வந்து தொலைத்தது. காலையிலேயே முடிந்துவிடும், நேராக வந்துவிடுகிறேன் என்று சத்தியம் செய்தார். டவாலி வராந்தாவில் நின்று பெயரைக் கூவினார். ஆள் இல்லை.

"மதியத்துக்குள்ள வரலைன்னா ஜாமீன் ரத்து, பிடிவாரண்டு. இன்னொரு மனுவைத் தூக்கிக்கிட்டு வராதீங்க" என்றார் மாஜிஸ்திரேட். என் கட்சிக்காரரின் மனைவிக்குப் பிரசவம் நெருங்கியிருந்தது. இந்த நேரத்தில் ஜெயிலுக்குப் போனால் அந்தப் பெண் என்ன செய்வாள்?

ஸ்கூட்டியை ஒரு சந்தில் நிறுத்திவிட்டுக் கூட்டத்துக்குள் புகுந்தேன். மண்டகப்படிக்கு மண்டகப்படி நின்று வாகனம் ஏகத்துக்குத் தாமதமாகியிருந்தது. வாகனத்தைத் தாங்கும் தண்டுக்கு அடியில் வேர்வையில் குளித்து நின்றார் என் ஆள்.

"வாங்க கோர்ட்டுக்கு!" என்று கத்தினேன்.

"எப்பிடிம்மா வருவேன்? என் ஒசரத்துக்கு மாத்தாள் இல்லம்மா. நான் நவுந்தா தண்டு சாஞ்சிடும்."

உயரம் பார்த்துத்தான் ஆளை நிறுத்துவார்கள். குட்டையானவர் நுழைந்தால் அவர் பங்குப் பாரமும் அடுத்தவர் மேல் இறங்கும். என் ஆளோ தென்னை மரம். பெருமாள் கண்ணெதிரே வாய்க்கு வந்தபடி அவரைத் திட்டினேன்.

அந்த அண்ணனும் தாங்கிதான். எலும்பு கூடியபிறகும் சுமக்கக் கூடாது என்று டாக்டர் சொல்லியிருந்ததால், வாகனத்தோடு சும்மா நடந்து வந்துகொண்டிருந்தார். இவருக்கு ஏற்ற உயரம். நான் கத்தியதெல்லாம் அவர் காதில் விழுந்திருக்கிறது. தம்பி உள்ளே போவதைத்தானே அவர் விரும்புவார் என்று நினைத்தேன். அவர் தோள் துண்டை எடுத்து மடித்தார். அந்த இடத்தில் நிற்பவர் இடது தோளைத்தான் கொடுத்தாக வேண்டும். இடது தோளில் துண்டை வைத்துக்கொண்டு தண்டுக்கு அடியில் நுழைந்தார்.

"தள்ளுடா" என்றார். பாரம் இறங்கியபோது அவர் பல்லைக் கடித்ததைப் பார்த்தேன். தண்டு இம்மிகூட அசையவில்லை. "நின்னுக்கினு இருக்காத. ஓடு."

பிறந்ததிலிருந்து இந்த ஊரில் எத்தனையோ புறப்பாடு பார்த்திருக்கிறேன். அன்றைக்குத்தான் கைகள் தாமாகக் குவிந்தன, அதுவும் பெருமாளைப் பார்த்து அல்ல.

யாரோ கொடுத்த சட்டையை மாட்டிக்கொண்டு என் கட்சிக்காரர் கூண்டில் ஏறியபோது, மாஜிஸ்திரேட் எழுந்துகொள்ளப் போகிற நேரம்.

"எங்க இருந்தீங்க?"

"வாகனத்தடியிலங்க."

"இப்ப உங்க எடத்துல யாரு?"

சொல்லாதே என்று நான் தலையை ஆட்டினேன். அண்ணனை நெருங்கினார் என்று இதை வைத்தே ஜாமீனை ரத்து செய்யலாம். அவர் என் பக்கமே திரும்பவில்லை.

"எங்க அண்ணனுங்க. நான் ஒடச்சேனே, அந்தத் தோள்லதாங்க தாங்கிக்கினு இருக்காரு."

போச்சு. நிபந்தனை மீறலோடு, குற்றத்தையும் சேர்த்து ஒப்புக்கொண்டாயிற்று. நான் கண்ணை மூடிக்கொண்டேன். அரசு வக்கீல் எழுந்த சத்தம் கேட்டது; பிறகு அவர் எதுவும் பேசாமலே உட்கார்ந்த சத்தமும் கேட்டது.

மாஜிஸ்திரேட் பேனாவை மூடினார். "ஆஜர். ஜாமீன் நீடிக்குது" என்றார். என் ஆள் கும்பிட்டபடி அங்கேயே நின்றார்.

"இன்னும் என்ன நிக்கறீங்க? போய் அவரு தோள்லேர்ந்து வாங்குங்க."