வானம் மடிந்த பதிமூன்று நிமிடம்

என் கல்யாணப் பத்திரிகை எங்கே போனதென்று எனக்குத் தெரியாது. ஆனால் பழுப்பேறிய ஒரு பஞ்ச் கார்டு மட்டும் பீரோவில், பட்டுப்புடவைக்கு அடியில் பத்திரமாக இருக்கிறது. எழுபதுகளில், கும்மிடிப்பூண்டியில் ஒரு தொழிற்சாலையின் பேக்கிங் பிரிவில் நான் சேர்ந்த முதல் மாதத்து அட்டை அது. எட்டு மணிக்குள் வந்தால் வாசல் கடிகாரம் கறுப்பு மையில் நேரத்தை அச்சடிக்கும், பிந்தினால் சிவப்பு. என் அட்டையில் இரண்டு சிவப்பு இருக்கின்றன. மூன்றாவது விழுந்தால் வேலை நிரந்தரமாகாது. மூன்றாவது விழுந்திருக்க வேண்டிய கட்டத்தில் 7.58 என்று கறுப்பில் இருக்கிறது. அன்று நான் வாசலை மிதித்தது எட்டு பதினொன்றுக்கு.

அந்தக் கடிகாரமும் அதன் சாவியும் டைம்கீப்பர் சாரிடம் இருந்தன. செவ்வாப்பேட்டையிலிருந்து இரண்டு ரயில் மாறி வருவார், ஒருநாளும் பிந்தியதில்லை. பெற்ற தாய் வந்து நின்றாலும் அரை நிமிடம் விடமாட்டார் என்று எல்லோரும் அவரைத் திட்டுவார்கள். நானும்தான். இரண்டாவது சிவப்பு விழுந்த அன்று மனதுக்குள் அவரை நான் வைத வசவை இங்கே எழுத முடியாது.

அதே மனிதர் சாப்பாட்டு வேளையில் வேறு ஆளாகிவிடுவார். சைக்கிள் ஷெட் நிழலில் எங்களோடு உட்கார்ந்து, தானே கற்பனையில் கட்டிய ஒரு நாட்டைப் பற்றிப் பேசுவார். ஏழ்கரை என்று அதற்குப் பெயர். அங்கே எப்போதாவது வானம் மடியும். நனைந்த புடவையை இரண்டு பெண்கள் இரு முனையில் பிடித்து மடிப்பார்களே, அப்படிக் கிழக்கும் மேற்கும் ஒன்றை நோக்கி ஒன்று வரும். நடுவே வெங்காயச் சருகின் நிறத்தில் ஒரு கோடு. அதன் கீழே காலம் திரும்பி நடக்கும். பொங்கி வழிந்த பால் பானைக்குள் ஏறும். போய்வருகிறேன் என்று கிளம்பியவர் மறுபடி வாசலில் நின்று, அதே சொல்லைச் சொல்வார். மடிப்பு வந்தால் அந்த நாட்டார் நின்ற இடத்தில் உட்கார்ந்துவிடுவார்கள். அது அவர்கள் வழக்கம்.

“ஏன் சார் உக்காரணும்? நடந்தா இன்னா ஆவும்?” என்று ஒருமுறை கேட்டேன்.

“நடக்கறவன் நேத்துக்குள்ள பூந்துடுவான்மா. மடிப்பு பிரிஞ்சா திரும்பி வர வழி இருக்காது. உக்காந்துக்கினு இருந்தவங்க மட்டும் தப்பிச்சுப்பாங்க” என்றார். டிபன் டப்பாவை மூடிக்கொண்டே, “ஆனா நடக்கணும்னு ஆசை இருக்கும்” என்றும் சொன்னார்.

கேன்டீன் அக்காதான் பிறகு எனக்கு விஷயத்தைச் சொன்னாள். “அவரு சம்சாரத்துக்கு வலி கண்ட அன்னிக்கு, மாத்து ஆளு வரலன்னு மூணு மணி நேரம் அந்தக் கடியாரத்தாண்டயே குந்திக்கினு இருந்தாரு. ஊட்டுக்குப் போறதுக்குள்ள தாயும் போச்சு, புள்ளையும் போச்சு.” அன்றிலிருந்து அவரை நான் வைததில்லை.

மாதக் கடைசியில் அந்த நாள் வந்தது. ஆரம்பாக்கத்திலிருந்து வந்த எங்கள் ரயிலை, கூட்ஸ் வண்டிக்கு வழிவிட எளாவூரில் நிறுத்திவிட்டார்கள். ஸ்டேஷனிலிருந்து செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு ஓடினேன். எங்கள் வீட்டில் அதுவரை எல்லோரும் பிறர் வயலில் நாற்று நட்டவர்கள். கம்பெனி வேலைக்குப் போன முதல் ஆள் நான். அம்மா அதை ஊரெல்லாம் சொல்லி முடித்திருந்தாள். வாசலை ஒட்டிய டைம் ஆபீசின் கடிகாரத்தில் எட்டு பதினொன்று என்று பார்த்ததும் அழுதுவிட்டேன்.

டைம்கீப்பர் சார் என்னைப் பார்த்தார். பிறகு ஜன்னலுக்கு வெளியே, ஒன்றுமே இல்லாத வெள்ளை வானத்தைப் பார்த்தார்.

“மடிப்பு வந்துகீது. உக்காரும்மா.”

ஸ்டூலில் உட்கார்ந்தேன். சாவியைப் போட்டுக் கண்ணாடியைத் திறந்து, முள்ளைப் பின்னால் தள்ளினார். என் அட்டையைச் செருகினார். டங்கென்று அச்சு விழுந்தது. “ஓடு” என்றார். ஓடினேன்.

தப்புப் பண்ணிப் பழக்கமில்லாதவருக்கு அதை முடிக்கத் தெரியவில்லை. முள்ளை முன்னே தள்ள மறந்துவிட்டார். அந்தக் கடிகாரத்தைப் பார்த்துத்தான் வாட்ச்மேன் சங்கு ஊதுவார். அன்று தொழிற்சாலை முழுவதும் பதிமூன்று நிமிடம் பிந்திச் சாப்பிட்டது. மேனேஜர் தன் கைக்கடிகாரத்தைப் பார்த்தபடி டைம் ஆபீசுக்கு வந்தார். எதிரே எங்கள் பேக்கிங் மேஜை. நடுவில் கம்பிவலை மட்டும்தான். எல்லாம் காதில் விழுந்தது.

“நான்தான் சார் திருப்பினேன்.”

“யாருக்காக?”

அவர் கடிகாரச் சாவியை எடுத்து மேஜைமேல் வைத்தார். நான் எழுந்துவிட்டேன். எழுந்தது உண்மை. மேனேஜரின் தோளுக்குப் பின்னாலிருந்து அவர் என்னைப் பார்த்து, உள்ளங்கையைக் கீழ்நோக்கி மெல்ல அழுத்தினார். உட்கார் என்று. நான் உட்கார்ந்துவிட்டேன்.

அந்த வாரமே அவரைக் கடிகாரத்திலிருந்து எடுத்துப் பின்பக்கத்துக் குடோனில் போட்டார்கள். அங்கே ஜன்னல் கிடையாது. எனக்கு வேலை நிரந்தரமாயிற்று. ஒருநாள் குடோன் வாசலில் நின்று, “நான் சொல்லியிருக்கணும் சார்” என்றேன். “நீ உக்காராம இருந்திருந்தா ரெண்டு பேரும் இல்ல மாட்டிக்கினு இருப்போம்? போம்மா, வேலையப் பாரு” என்று சிரித்தார். அதன் பிறகு ஏழ்கரையைப் பற்றி அவர் பேசவேயில்லை. அவர் ஓய்வுபெற்ற அன்று எனக்கு இரண்டாம் ஷிப்டு; வழியனுப்பக்கூட முடியவில்லை.

அந்த வேலையில்தான் தம்பி படித்தான், வீடு எழும்பியது, பிள்ளைகள் ஆளானார்கள். இப்போது பேரன் அதே ஊரில் வேறொரு கம்பெனியில் விரலை வைத்து நேரம் பதிகிறான். அந்தக் கருவியை யாராலும் ஏமாற்ற முடியாதாம். பெருமையாகச் சொல்கிறான். எனக்கு அவனைப் பார்த்தால் பாவமாக இருக்கிறது.

முழங்கால் வலியால் நான் எல்லாவற்றையும் உட்கார்ந்தே செய்கிறேன். காய் நறுக்குவது, துணி மடிப்பது, சாமி கும்பிடுவதுகூட. அந்த அட்டையை எடுக்கும்போது மட்டும் பீரோவைப் பிடித்துக்கொண்டு எழுந்து நிற்கிறேன்.