முத்திரை கேட்கப் போன சஞ்சிகை

ஊரில் என் கணவர் ஒரு சிறு சஞ்சிகை நடத்தினார். யுத்தத்தில் ஊர் ஆமியின் கீழ் இருந்த காலத்தில் எதை அச்சடிப்பதென்றாலும் முதலில் இராணுவக் காம்புக்குக் கொண்டுபோய்க் காட்ட வேண்டும். அங்கே தமிழ் வாசிக்கத் தெரிந்த ஒருவன் சிவப்புப் பேனையால் வெட்டுவான். மிஞ்சியதற்கு முத்திரை குத்துவார்கள். முத்திரை இல்லாமல் அச்சுக்கூடக்காரர் மெஷினில் கை வைக்கமாட்டார். வெட்டுப்பட்ட இடத்தை நிரப்ப இவர் என்னிடம் வருவார். நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவள். கத்தரிக்காய்க் குழம்பு வைக்கிற விதத்தைச் சொல்லுவேன், இவர் எழுதுவார். சில மாதங்களில் பாதிச் சஞ்சிகை குழம்பாகவே வந்தது.

யுத்தம் முடிந்தபின் சுவிஸில் ஷாஃப்ஹவுசனில் இருந்த மகளிடம் வந்து சேர்ந்தோம். எங்கள் வதிவிட அனுமதி இன்னும் முடிவாகாத நேரத்திலேயே இவர் திரும்பவும் சஞ்சிகை தொடங்கினார். ஆஸ்பத்திரிக் குசினிச் சமையலிலும் துப்புரவிலும் வேலை செய்கிற எங்கள் சனம் எழுதித் தந்தது. மகள் கம்ப்யூட்டரில் அடித்து ஒரு பிரதி எடுத்துக் கொடுத்தாள். அடுத்தநாள் காலை இவர் அயர்ன் பண்ணிய சேட்டோடு மகளின் முன்னால் வந்து நின்றார்.

“வெளிக்கிடு பிள்ளை. பொலிஸுக்குப் போவம்.”

“ஏனப்பா, என்ன நடந்தது?”

“காட்டாமல் அச்சடிக்கிறதோ? பிறகு எங்களைத் திருப்பி அனுப்பினா?”

“இஞ்ச ஒருத்தரும் கேக்கமாட்டினம். கொண்டுபோனா சிரிப்பினம்.”

“சிரிக்கட்டும். சிரிச்சுப்போட்டு முத்திரையைக் குத்தட்டும்.”

மூவரும் போனோம். கண்ணாடிக்குப் பின்னால் இருந்த பொலிஸ்காரருக்கு மகள் ஜெர்மனில் சொன்னாள். அவர் தாள்களை ஒவ்வொன்றாகப் புரட்டினார். ஓரிடத்தில் விரலை வைத்து ஏதோ கேட்டார். இவர் என் கையைப் பிடித்தார். வெளியிடத்தில் அப்படிச் செய்கிறவர் அல்ல.

“என்னவாம்?”

“இந்த நீர்வீழ்ச்சிப் படம் ஆர் கீறினதாம். வடிவா இருக்காம்.”

“முத்திரை?”

மகள் கேட்டாள். அவர் இல்லையென்று தலையை ஆட்டிவிட்டுத் தாள்களைத் திருப்பித் தந்தார்.

“அச்சடிக்க வேண்டாமாமோ?” என்றார் இவர்.

“அச்சடிக்கிறதுக்குத் தன்னட்டக் கேக்கத் தேவையில்லையாம்.”

பஸ்ஸில் இவர் தாள்களை மடியில் கவிழ்த்து வைத்துக்கொண்டார். சஞ்சிகை அலுமாரிக்குள் போகப் போகிறது என்றுதான் நினைத்தேன்.

“நாளைக்கு ஒரு பிழை வந்தா ஆர் பொறுப்பு?” என்று மெல்லக் கேட்டார்.

இவருடைய எழுத்து விஷயத்தில் நான் வாய் திறப்பதில்லை. அன்று ஏனோ வந்துவிட்டது.

“நீங்கள்தான். உங்கட சஞ்சிகையெல்லோ.”

இவர் எழும்பிப் பஸ்ஸின் மணியை அழுத்தினார். அடுத்த தரிப்பில்தான் அச்சகம் இருந்தது.

அச்சகக்காரர் தாள்களுக்குக் கை நீட்டினார். இவர் கொடுக்கவில்லை.

“நாளைக்கு வாறம் எண்டு சொல்லு பிள்ளை. முதல் பக்கம் இன்னும் எழுதேல்லை.”

அன்று பின்னேரமே குசினி மேசைக்கு முன்னால் இருந்து, காம்பு வாசலில் தான் காத்து நின்ற காலத்தைப் பற்றி எழுதத் தொடங்கினார். எழுதி முடிந்த தாளை மகள் எடுத்து அடிக்க, இவர் அடுத்த தாளை எடுத்தார். மேசையில் இடமில்லை. நாங்கள் தட்டுகளை மடியில் வைத்துச் சாப்பிட்டோம்.