மட்டையைக் கீழே வைத்த ஃபுல்பேக்

ஹாக்கியில் ஃபுல்பேக் என்பவன் கோல் போடுவதற்காக நிறுத்தப்படுபவன் அல்லன். பிறர் போடாமல் பார்த்துக்கொள்வதற்காக நிறுத்தப்படுபவன். அவன் நன்றாக ஆடினால் எதுவுமே நடக்காது. எதுவும் நடக்காததற்கு யாரும் மாலை போடுவதில்லை. எதைச் செய்யப் போனாலும் அதன் பின்விளைவை முதலில் எண்ணிப் பார்க்கும் என் சுபாவத்துக்கு அந்த இடமே பொருத்தம் என்று நானே தீர்மானித்துக்கொண்டேன்.

ஓசூர் எந்த ராஜ்யத்தோடு சேரும் என்று டீக்கடைகளில் மூன்று மொழிகளில் சண்டை நடந்த காலம் அது. நாங்கள் ஆடிய மைதானம் ஏரிக்கரைக்கும் சந்தைக்கும் நடுவில் இருந்தது. அதை மைதானம் என்று சொன்னவர்கள் நாங்கள் மட்டுமே. தளி, ஜவளகிரிப் பக்கத்து வண்டிக்காரர்களுக்கு அது சந்தைக்குப் போகும் குறுக்குவழி. அந்தத் தடம் எங்கள் கோலுக்குச் சற்று முன்னால் குறுக்கே ஓடியது. ஒருமுறை பந்து பட்டு ஒரு காளை மிரண்டு புளிமூட்டைகள் சரிந்தன. அதன் பிறகு ஓர் உடன்பாடு ஏற்பட்டது: வண்டிச் சக்கரம் மைதானத்தில் ஏறியதும் எல்லோரும் நின்ற இடத்திலேயே நின்று மட்டைகளைத் தரையில் கிடத்திவிட வேண்டும். ஓங்கிய மட்டையைக் கண்டால் காளை மிரளும் என்பது காரணம். உடன்பாட்டின் வாசகத்தை முன்மொழிந்தவன் நான். பொதுவழியின் உரிமை பற்றிச் சிறு உரையும் ஆற்றினேன். அதை யாரும் கேட்கவில்லை.

சேலத்தில் கல்லூரியில் சேர்ந்த முதல் வருஷம் முழுவதும் நான் எல்லைக் கோட்டுக்கு வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். இரண்டாம் வருஷம் பொங்கல் விடுமுறையில் கல்லூரி அணி எங்கள் ஊருடன் நட்பாட்டம் ஆட வந்தது. விளையாட்டு ஆசிரியர் என்னைத் தனியாக அழைத்தார்.

“நீ இன்னைக்கு உங்க ஊருக்கு ஆடு. நம்ம சென்டர் ஃபார்வர்டை உன்னால நிறுத்த முடிஞ்சா, அடுத்த மேட்ச்ல காலேஜுக்கு நீதான் ஃபுல்பேக். இல்லன்னா பெஞ்சு எங்கயும் ஓடிடாது.”

அந்த சென்டர் ஃபார்வர்டு பட்டணத்துப் பையன். ஓடும்போதுகூடத் தலை கலையாது. ஆட்டம் முடியும் தறுவாயில் அவன் எல்லோரையும் கடந்து என்னை நோக்கி வந்தான். நடுவில் நான் மட்டும். அப்போது என் வலப்பக்கத்தில் சக்கரம் கிறீச்சிட்டது. எங்கள் அணி முழுவதும் மட்டையைக் கிடத்தியது. நானும் கிடத்தினேன். அவன் என்னை ஒரு கணம் இரக்கத்தோடு பார்த்துவிட்டு, பக்கவாட்டில் கடந்து போய்க் கோல் அடித்தான்.

சேலத்திலிருந்து உடன் வந்திருந்த நடுவர் விசில் ஊதி கோல் என்றார். வண்டிக்காரர் தடத்தின் நடுவில் காளைகளை நிறுத்திவிட்டு இறங்கினார். அவர் காளைகளிடம் தெலுங்கிலும் எங்களிடம் தமிழிலும் பேசுவார். கன்னடத்தைத் திட்டுவதற்கென்று ஒதுக்கி வைத்திருந்தார்.

“அந்த கோலு செல்லாதுங்க சாமி. என் எருது இன்னும் தாண்டல.”

“யோவ், மொதல்ல வண்டிய எடுய்யா!” என்றார் நடுவர்.

“எடுக்கறங்க. நீங்க மொதல்ல கோல எடுங்க.”

“இது எந்த ரூல் புக்குல இருக்குது?”

“எந்த புக்குல இருந்தா எனக்கென்னங்க? அந்தத் தம்பி தலைய வாரிக்கிட்டு என் மாட்டு மூஞ்சிக்கு நேரா ஓடறாரு. மெரண்டு பாரம் சாஞ்சா, வாரிக் கொடுப்பாரா?”

பிறகு நடுவரைப் பற்றிக் கன்னடத்தில் ஏதோ சொன்னார். எங்கள் அணி சிரித்தது. நடுவர் தமக்குப் புரியவில்லை என்று காட்டிக்கொண்டார். வண்டி நகரவில்லை, கடைசி பஸ்ஸுக்கோ நேரமாகிக்கொண்டிருந்தது. கோல் ரத்தானது; வண்டி தாண்டிப் போனதும் பந்தை நடுவில் வைத்து மறுபடி தொடங்கினார்கள். அந்தப் பையன் கோபத்தில் நேராக என் மேலேயே வந்தான். தடத்தில் வண்டி இல்லை என்று ஒருமுறை பார்த்துக்கொண்டு பந்தைப் பிடுங்கி ஏரிக்கரை வரை அடித்தேன். விளையாட்டு ஆசிரியர் தலையசைத்தார். இடம் கிடைத்துவிட்டது.

சேலத்து மைதானம் சமமாக இருந்தது. தடம் கிடையாது, புல்கூட ஒழுங்காக வெட்டப்பட்டிருந்தது. கல்லூரிச் சட்டையில் நான் எதுவும் நடக்காமல் பார்த்துக்கொண்டிருந்தேன். இரண்டு அணியும் கோல் போடாத நிலையில் எதிரணிப் பையன் ஒருவன் பந்தோடு வந்தான். எனக்குப் பின்னால், கோலுக்கு அப்பால் சாலையில், வைக்கோல் வண்டி ஒன்று கிறீச்சிட்டது.

என் மூளை எந்த முடிவுக்கும் வருமுன் என் கை முடிவுக்கு வந்திருந்தது. குனிந்து மட்டையைப் பக்குவமாகப் புல்லில் கிடத்தி நிமிர்ந்தபோது பந்து கோலுக்குள் இருந்தது. அடித்தவனே சந்தேகத்தோடு நடுவரைப் பார்த்தான்.

“வண்டி ரோட்டுல போவுதுய்யா!” என்று விளையாட்டு ஆசிரியர் கத்தினார்.

“காளைக்கு அது தெரியாதுங்களே, சார்.”

அந்தப் பதிலில் இன்றளவும் எனக்குப் பிழை தெரியவில்லை. பாரம் ஏற்றிய வண்டி மிரண்டால் வரும் சேதத்தையும் ஒரு கோலால் வரும் சேதத்தையும் எந்தத் தராசில் வைத்தாலும் வண்டிப் பக்கம்தான் தாழும். விளையாட்டு ஆசிரியரிடம் அந்தத் தராசு இல்லை. பட்டம் வாங்கும்வரை நான் பெஞ்சிலிருந்து எழ நேர்ந்தது இடைவேளையில் ஆடுகிறவர்களுக்கு எலுமிச்சம்பழம் நறுக்கிக் கொடுப்பதற்கு மட்டுமே.

அந்த ஆட்டத்துக்கு அடுத்த விடுமுறையில் ஊருக்கு வந்தபோது அதே வண்டிக்காரர் அதே தடத்தில் காளைகளை நிறுத்தினார்.

“ஏந் தம்பி, காலேஜுல ஆடறன்னாங்க, இங்க நிக்கறியே?”

“எடுத்துட்டாங்கண்ணா. ஆடறப்ப வண்டி வந்துச்சு, மட்டைய வெச்சிட்டேன்.”

அவர் சிரிக்கவில்லை. சாட்டையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு மிகுந்த அக்கறையோடு கேட்டார்:

“எருது மெரளலியே?”