ஜப்பான் கிழவியை மாமியாராக்கிய மத்தியானம்

துபாயில் இருக்கும் கணவர் டிவியில் போட்டுக்கொடுத்த ஆப்பில் பழைய ஜப்பான் கார்ட்டூன் படங்களைக் கண்டுபிடித்தது நான். அவற்றில் அப்படியே விழுந்தது அத்தை, அதாவது என் மாமியார். மத்தியானச் சாப்பாடு முடிந்ததும், "அந்தச் சப்பான்காரங்களப் போடு ஆத்தா" என்று நாற்காலியை இழுத்துக்கொண்டு வந்துவிடுவார். நாளெல்லாம் சீரியல் பார்த்த மனுஷி! "இவங்கதான் சோறாக்கி, ஒக்காந்து நெறைவாத் திங்கிறாங்க. சீரியல்ல எவளாவது அடுப்பப் பத்த வக்கிறாளா?" என்பார்.

பேச்சு ஜப்பான் மொழி, கீழே ஓடும் எழுத்து இங்கிலீஷ். அத்தைக்கு இரண்டும் ஒன்றுதான். ஆகவே பக்கத்தில் உட்கார்ந்து தமிழில் சொல்வது என் வேலை. கொஞ்ச நாள் நேர்மையாகத்தான் சொன்னேன், சத்தியமாக.

அப்புறம் எங்கள் ஊர் கறம்பக்குடியிலேயே ஒரு பள்ளிக்கூடத்தில் எனக்குக் கணக்கு டீச்சர் வேலை கிடைத்தது. திங்கட்கிழமை சேர வேண்டும். கணவரைக் கேட்டால், "எனக்கென்ன, அம்மாகிட்டக் கேட்டுக்க" என்று நழுவிவிட்டார். அத்தையைக் கேட்டால், "வீட்டுல ஒனக்கு என்ன கொறச்சல்?" என்பதோடு சரி. எம்.எஸ்சி. படித்துவிட்டு வெங்காயம் உரித்துக்கொண்டிருக்கிறேனே என்று வயிறு எரிந்தது.

சனிக்கிழமை போட்ட படத்தில் ஒரு பெண் மூட்டையோடு வாசலில் நிற்கிறாள். ஒரு கிழவி ஏதோ சொல்கிறாள். 'புயல் வருகிறது, கதவைச் சாத்து' என்று எழுத்து ஓடுகிறது. அந்தக் கிழவி அவளுக்கு என்ன உறவு என்றே படத்தில் வரவில்லை. நான் மாமியாராக்கிவிட்டேன்.

"மருமகளே, நீ வேலைக்குப் போயிட்டு வா, வீட்ட நான் பாத்துக்கிறேங்கிறாங்க, அத்தை."

"அப்படியா சொல்றா? தங்கமான மனுஷி."

எனக்குத் தலைகால் புரியவில்லை. அதன்பிறகு படகுக்காரர் பேசினாலும் சரி, ரயில்காரர் பேசினாலும் சரி, எல்லாரும் வேலைக்குப் போகும் மருமகளைத்தான் மெச்சினார்கள். பூனை கத்தியதை மட்டும் விட்டுவைத்தேன்.

அந்த வேகத்தில்தான் மாட்டினேன். இந்தப் பழைய படங்களில் திடீரென்று யாரும் பேச மாட்டார்கள், மழை மட்டும் பெய்துகொண்டிருக்கும். கிழவி சும்மா நின்று மழையைப் பார்க்கிறாள். நான் பாட்டுக்கு, "மருமக டீச்சரானா மாமியாருக்கும் மரியாதைதானேங்கிறாங்க" என்று விட்டேன்.

அத்தை என் பக்கம் திரும்பினார். "அவ வாயே தொறக்கலையேடி?"

செத்தேன். கிழவி இப்போதாவது ஏதாவது பேசித் தொலைக்க மாட்டாளா என்று பார்த்தேன். மழைதான் பெய்தது. வேலை போயிற்று என்று நினைத்ததும் அழுகையே வந்துவிட்டது.

அத்தை டிவியைப் பார்த்தபடியே, "இரு, இப்ப அவ என்ன சொல்றான்னு நான் சொல்றேன்" என்றார்.

"சொல்லுங்க அத்தை."

"திங்கக்கெழம கெளம்புடிங்கிறா. சாயங்காலம் வெரசா வந்து மிச்சப் படத்தச் சொல்லணுமாம். உள்ளத உள்ளபடி சொல்லணுமாம்."