கிழங்கு மில் களத்து வெளிச்சம்

புளித்த மாவு நாற்றத்தில் பிறந்து வளர்ந்தவன் நான். ஏழாம் வகுப்போடு பள்ளிக்கூடம் முடிந்தது. அப்புறம் சென்னைக்குப் போய், ட்ராலி தள்ளி, கேமராப் பெட்டி சுமந்து, இங்கிலீசில் ஒரு வரி படிக்கத் தெரியாமலே லென்சுகளைக் கையால் தடவி அடையாளம் கண்டு, சினிமாவுக்கும் பிறகு டிவி சீரியலுக்கும் ஒளிப்பதிவு செய்து, சேலத்தில் சொந்த வீடு கட்டி, பிள்ளைகளை இன்ஜினியராக்கினேன். எவன் சிபாரிசும் இல்லை. இதைச் சொல்லிச் சொல்லி எனக்கே அலுத்துவிட்டது. ஒன்றே ஒன்றுதான் பாக்கி: நான் எடுத்த ஒரு காட்சிக்கு இன்றுவரை என் பேர் இல்லை.

அந்தக் காட்சியை எடுத்த வித்தை எனக்குக் கிடைத்தது நாமகிரிப்பேட்டைப் பக்கம் ஒரு "கிழங்கு மில்"லில். குச்சிக்கிழங்கை, அதாவது மரவள்ளியை, அரைத்து ஜவ்வரிசியாக்கும் இடம். என் அம்மாவுக்கு அங்கே "களத்து வேலை". பங்குனி வெயிலில் சிமெண்டுத் தரை முழுக்கப் பரப்பிய ஜவ்வரிசியைக் காலால் கிளறிக்கொண்டே நடக்க வேண்டும். உச்சி நேரத்தில் ரோட்டில் நிற்கிறவர்களின் கண் குழிக்குள் போய் முகம் செத்துக் கிடக்கும். அதே ஆள் களத்துக்குள் வந்தால், கீழேயிருந்து எழும் வெள்ளை வெளிச்சத்தில் கண் இரண்டும் உயிர் பெற்றுவிடும். "ஏனுங்கக்கா, ஊட்டுக்குள்ள பாத்தா மாமியா, களத்துல பாத்தா புதுப்பொண்ணு!" என்று கூட வேலை செய்த பெண்கள் அம்மாவைக் கிண்டல் செய்வார்கள்.

அம்மா அந்தக் கிண்டலைக் காரியமாக்கினாள். எங்கள் வீட்டில் ஜன்னலே கிடையாது. அந்த இருட்டில் என் அக்காவைப் பெண் பார்த்துப் போனவர்கள் யாரும் திரும்பி வரவில்லை. அடுத்து வந்தவர்களை நேரே களத்துக்கே கூட்டிவந்துவிட்டாள். "ஏனுங்க, பொண்ண இப்படி வெயில்ல நிறுத்திக் காட்டுறீங்க?" என்று மாப்பிள்ளையின் தாய் கண்ணைச் சுருக்கினாள். "ஊட்ல வெளிச்சமில்லீங்க, இங்கதான் இருக்குது. நல்லாப் பாத்துக்கோங்க" என்றாள் அம்மா. ஜவ்வரிசி நடுவில் அக்கா நிமிர்ந்து பார்த்தாள். அன்றைக்கே பூ வைத்துவிட்டுப் போனார்கள்.

பல வருசம் கழித்து, பரமத்தி வேலூர் வெற்றிலைக் கொடிக்காலில் படப்பிடிப்பு. ஒளிப்பதிவாளர் காய்ச்சலில் லாட்ஜில் படுத்துவிட்டார். உதவியாளனான நான்தான் கேமராவைப் பிடித்தேன். கொடிக்கால் நிழலில் கதாநாயகியின் முகம் இருண்டு கிடந்தது. மூட்டை மூட்டையாக ஜவ்வரிசி வரவழைத்து, கொடிகளுக்கு நடுவே வெயில் விழுந்த இடத்தில் தார்ப்பாய் விரித்துக் கொட்டினேன். "என்னய்யா, பாயசம் வைக்கப் போறியா?" என்றார் டைரக்டர். கேமராவில் கண் வைத்தவர், உடனே "டேக்" என்று கத்தினார். அந்த முகம்தான் படத்தின் போஸ்டரானது. டைட்டிலில் ஒளிப்பதிவாளர் பேர் மட்டும் வந்தது. உதவியாளர் வரிசையில்கூட நான் இல்லை.

இன்று அந்தக் களம் வீட்டுமனையாகிவிட்டது. ஒளிப்பதிவாளரும் டைரக்டரும் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். அன்று நடந்ததைச் சொல்ல இனி நான்தான் மிச்சம். இப்போது அந்தப் படத்தைச் சுத்தம் செய்து மறுபடி வெளியிடுகிறார்கள் என்று கேள்விப்பட்டு, தயாரிப்பாளரின் மகனுக்குப் போன் போட்டேன். "பெரியவரே, பழைய டைட்டில்ல இருக்கறதத்தான் போட முடியும். இப்ப இதெல்லாம் யாருக்குத் தெரியப் போகுது?" என்றார்.

எனக்குத் தெரியும், தம்பி. போராட எனக்குத் தெம்பில்லை, கேட்க மட்டும் வாய் இருக்கிறது. ஒளிப்பதிவாளர் பேரை எடுக்க வேண்டாம், அவர் நல்ல மனுசர். அதற்குக் கீழே, "கொடிக்கால் காட்சி ஒளிப்பதிவு" என்று என் பேரையும் போடுங்கள். நான் உயிரோடு உட்கார்ந்து பார்க்கும்போதே போடுங்கள்.