முகாமிலிருந்து பவர் டேபிளுக்கு

1. வாசலில் நின்ற காலை

திருப்பூரில் வேலை கிடைக்காமல் யாரும் திரும்புவதில்லை என்று முகாமில் சொல்லி அனுப்பினார்கள். நான் திரும்பினேன். ‘டெய்லர்கள் தேவை’ என்ற பலகை எல்லா பனியன் கம்பெனி வாசலிலும் தொங்கியது. எல்லா வாட்ச்மேன்களும் கேட்டது ஒரே கேள்விதான்: “எந்த ஊருங்க?”

இலங்கை, இப்போது அகதி முகாமில் இருக்கிறேன் என்றதும் பேச்சு முடிந்துவிடும். “ஓனர் ஊர்ல இல்லீங்க” என்று சிலர் மரியாதையாக அனுப்பினார்கள். ஒருவர் மட்டும், “போலீஸ் வந்து கேட்டா நாங்க என்ன சொல்றதுங்க?” என்று நேராகவே கேட்டார்.

அது 2007. போர் மறுபடி மூண்டதும் மன்னாரிலிருந்து படகில் வந்து சேர்ந்த குடும்பம் எங்களுடையது. அதற்கு முன் கொழும்புக்குப் பக்கத்தில் ஓர் ஆடைத் தொழிற்சாலையில் துணியின் ஓரம் தைக்கும் ஓவர்லாக் மெஷினில் உட்கார்ந்து தைத்தவள் நான். இங்கே வந்து பெயிண்ட் வேலைக்குப் போன என் கணவர் சாரத்திலிருந்து விழுந்து காலை உடைத்துக்கொண்டார். பிள்ளைகள் இருவரும் பள்ளியில். இனி நான்தான் போக வேண்டும்.

“ராமேஸ்வரம் எண்டு சொல்லு, ஒருத்தரும் கேக்க மாட்டினம்” என்றாள் முகாமில் பக்கத்து அறைக்காரி. எனக்கு அது சரிப்படவில்லை. பொய் சொல்லி உள்ளே போனால், பேச்சு காட்டிக்கொடுத்துவிடும் என்று தினமும் வாயைப் பொத்திக்கொண்டு இருக்க வேண்டும். உண்மையைச் சொல்லியே அடுத்த வாரமும் கிளம்பினேன்.

இந்த முறை சென்னியப்பன் அண்ணனிடம் போய்ச் சேர்ந்தேன். வெள்ளகோவில் பக்கத்து விவசாயி. ஒரு கம்பெனிக்குள் பவர் டேபிளைக் கான்ட்ராக்ட் எடுத்து நடத்தினார். நீளமான மேசையில் வரிசையாக மெஷின்கள். வெட்டிய துணி ஒரு முனையில் நுழைந்து மறுமுனையில் பனியனாக வெளியே வரும். அதுதான் பவர் டேபிள்.

“தைக்கத் தெரியுங்களா அம்மிணி?”

“ஓம் அண்ணை, ஏலும்.”

“ஏலமா? இங்க எதுங்க ஏலம் போடறது?”

மேசையே சிரித்தது. நானும் சிரித்துவிட்டேன். “என்னால தைக்க முடியும்” என்று மாற்றிச் சொன்னேன்.

“கைமடிக்குத்தான் ஆள் வேணுமுங்க. இஷ்டமிருந்தா நாளைக்கு வாங்க.”

டெய்லருக்குப் பக்கத்தில் நின்று துணியை மடித்து எடுத்துக் கொடுப்பதுதான் கைமடி. பள்ளி முடித்த பிள்ளைகள் முதலில் சேரும் வேலை. சேர்ந்தேன்.

2. மாரியம்மாளின் பக்கத்தில்

நான் துணி எடுத்துக் கொடுத்த டெய்லர் மாரியம்மாள், அருப்புக்கோட்டைக்காரி. மழை பொய்த்துப்போன வருடத்தில் பிள்ளைகளோடு பஸ் ஏறி வந்தவள். முதல் நாளே சொல்லிவிட்டாள்: “இங்க பாரு, நாங்களே ஊர விட்டுப் பொழைக்க வந்தவுக. ஒனக்கு என்ன கஷ்டமோ, என் சீட்டு மேல மட்டும் கண்ணு வைக்காத.”

கோபமாகச் சொல்லவில்லை. அதனால்தான் எனக்கு அதிகம் உறைத்தது.

டெய்லர் வேலை கேட்டுப் பலமுறை அண்ணனிடம் போனேன். “உங்க கையில எனக்குச் சந்தேகமே இல்லீங்க. மாசாமாசம் முகாம்ல ஆள் கணக்கு எடுக்கறாங்கன்னு போயிருவீங்க. திடீர்னு அதிகாரி வந்தாலும் ஓடோணும். ஒரு மெஷின் நின்னா லைனே நிக்குமுங்க” என்றார். அவர் சொன்னதில் தப்பில்லை. பதிவுக்குப் போகாவிட்டால் எங்களுக்கு அரிசியும் இல்லை, உதவியும் இல்லை.

சாப்பாட்டு நேரத்தில் வேஸ்ட் துணியில் தைத்துப் பழகினேன். சட்டைத் துணிக்குப் பழகிய கைக்கு பனியன் துணி அடங்கவில்லை. இழுத்தால் அலை அலையாக வந்தது. சில நாள் பார்த்துக்கொண்டிருந்த மாரியம்மாள், சோற்றுக் கையைக் கழுவிவிட்டு வந்து, “இழுக்காத. அது போற போக்குல விட்டுத் தைய்யி” என்று பிடித்துக் காட்டினாள்.

3. பங்குனிப் பொங்கல்

பங்குனியில் மாரியம்மாள் போன்ற தெற்கத்திக்காரர்கள் எல்லோரும் அம்மன் திருவிழாவுக்குக் கிளம்பினார்கள். அப்போதுதான் அவசர ஆர்டர் ஒன்று லைனில் ஏறியிருந்தது. போகக்கூடாது என்றார் அண்ணன். “வருசத்துக்கு ஒருக்கத்தான் போறோம். அதுக்கும் ஒங்க சிப்மெண்ட்டக் கேட்டா அம்மன் நாள் குறிப்பா?” என்றாள் மாரியம்மாள்.

அன்று மாலை நான் அண்ணன் முன்னால் போய் நின்றேன்.

“அண்ணை, எனக்குப் போக ஊர் இல்லை. தையல் தெரிஞ்ச பொம்பிளையள் முகாமில இருக்கினம். கூட்டிக்கொண்டு வாறன். ஆனா டெய்லரா எடுக்கோணும். பதிவு நாளுக்கு லீவு தரோணும்.”

“லைன் நின்னு போச்சுன்னா?”

“நிண்டா நான் திரும்பக் கைமடிக்குப் போறன்.”

ஒத்துக்கொண்டார். மாரியம்மாள் பையைத் தூக்கிக்கொண்டு என்னிடம் வந்தாள். “திரும்பி வாரப்ப என் சீட்டு இருக்குமா?”

“இருக்கும் அக்கா.”

“நீ சொன்னா ஆச்சா? சீட்டு ஒன்னோடதா?” என்றபடி போனாள்.

முகாமில் அனுமதி வாங்கி ஐந்து பெண்களை அழைத்து வந்தேன். மாரியம்மாளின் மெஷினில் நான் உட்கார்ந்தேன். முதல் நாள் தைத்ததில் பாதியைப் பிரித்தோம். அண்ணன் தலையில் கை வைத்துக்கொண்டார். “விட்டுத் தையுங்கோ, இழுக்காதேங்கோ” என்று மெஷினுக்கு மெஷின் ஓடினேன். மறுநாள் தையல் படிந்து வந்தது. ஆர்டர் சொன்ன தேதிக்குப் போனது.

4. எழுந்து நின்றோம்

திருவிழா முடிந்து மாரியம்மாளும் மற்றவர்களும் வந்து வாசலில் நின்றபோது அண்ணன் சொன்னார்: “மாரியம்மா, வேற கம்பெனி பாத்துக்குங்க. இவங்களுக்கு ஊரும் இல்ல, திருவிழாவும் இல்ல. பதிவு நாளத் தவிர லீவே கேக்க மாட்டாங்க.”

எங்களைப் புகழ்வதாகத்தான் நினைத்துச் சொன்னார். கணவரின் கட்டு இன்னும் பிரிக்கவில்லை. வேலை போனால் மறுபடி அந்த வாட்ச்மேன்களிடம் போய் நிற்க வேண்டும். ஆனாலும் மெஷினை நிறுத்திவிட்டு எழுந்தேன்.

“அண்ணை, இது அக்கான்ர சீட்.”

“உங்களுக்குத்தானுங்க குடுத்துருக்கறேன். உக்காருங்க.”

“வேற மெஷின் தாங்கோ, இருக்கிறன். அவவை எழுப்பிப்போட்டு இருக்க ஏலாது. நாளைக்கு எங்களை விடவும் ஒண்டும் கேக்காத ஆக்கள் வருவினம். அப்ப எங்களையும் எழுப்புவீங்கள்.”

எனக்குப் பின்னால் மெஷின்கள் ஒவ்வொன்றாக நின்றன. நான் யாரையும் எழச் சொல்லவில்லை.

அண்ணன் டீக்கடைக்குப் போனார். திரும்பி வந்தபோது முகம் கொஞ்சம் தணிந்திருந்தது. “அந்தக் கோடியில ஒரு டேபிள் சும்மா கெடக்குது. ஆர்டர் கேட்டுப் பாக்கறேன். வர்ற வரைக்கும் ஆளுக்குப் பாதி நாள் உக்காருங்க. என்னால அவ்வளவுதானுங்க முடியும்.”

பாதி வேலை, பாதிக் கூலி. எல்லோருக்கும் சிரமமாகத்தான் இருந்தது. எங்களில் இருவர் காத்திருக்க முடியாமல் வேறு கம்பெனிக்குப் போனார்கள். மாரியம்மாளோடு வந்த ஒருத்தி ஊருக்கே திரும்பிவிட்டாள். பிறகு ஆர்டர் வந்தது, இரண்டாவது டேபிள் ஓடியது, டெய்லராக எனக்கு ஒரு மெஷின் கிடைத்தது. முகாம் பதிவு நாட்களில் என் மெஷினை மாரியம்மாள் ஆள் மாற்றிப் பார்த்துக்கொண்டாள். அடுத்த பங்குனியில் அவளுடையதை நான் பார்த்துக்கொண்டேன்.

5. புதிதாக வருகிறவர்களுக்கு

இப்போது நான் லைன் சூப்பர்வைசர். ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் வந்த பிள்ளைகள் என் டேபிளில் இருக்கிறார்கள். எனக்குத் தெரிந்த கொஞ்ச இந்தியில், சேரும் அன்றே அவர்களிடம் சொல்லிவிடுவேன்: என்ன வேலை, எத்தனை மணி நேரம், எப்போது லீவு என்று கேட்டுவிட்டு உட்காருங்கள். கேட்டால் வேலை தரமாட்டார்கள் என்ற பயம் எனக்கும் இருந்தது. குறைவாகக் கேட்பதால் கிடைக்கும் இடம், அதைவிடக் குறைவாகக் கேட்பவர் வரும்வரைதான் நமக்கு.