கவிழ்க்க முடியாத தண்ணீர்

பெட்ரீசியா அக்காவிடம் ஒன்றைச் செய்யாதே என்று சொல்வது வேலியில் போகிற ஓணானை எடுத்து மடியில் விட்டுக்கொள்கிற கதைதான். எங்கள் பிளாட்டின் தலைவர் பிச்சைமுத்து அண்ணன் அதைச் செய்தார்.

அக்கா மலேசியாவின் ஈப்போ நகரில் ஒரு கடையில் பழம் வெட்டுகிறவர். ரப்பர் தோட்டத்தில் பிறந்தார். அந்தத் தோட்டத்தை அழித்துக் கட்டிய பிளாட்டில், என் பக்கத்து வீட்டில், தனியாக வாழ்கிறார். கணவர் லூர்துசாமி இறந்தபின் அந்த வீட்டில் சத்தமே இல்லை. இந்த வருடம் அவர் பால்கனியில் இருந்த காகிதப்பூச் செடியில் ஒரு கொண்டைக்குருவி கூடு கட்டி, இரண்டு குஞ்சு பொரித்தது. அக்காவுக்குத் தலைகால் புரியவில்லை. ஞாயிறு பூசை முடிந்ததும் கோயில் வாசலில் நின்று, "எங்க வூட்ல ரெட்டப் புள்ள" என்று எல்லோரிடமும் சொன்னார்.

அப்போது பார்த்து மழை பொய்த்தது. பின்பக்கத்து வாய்க்கால் வறண்டு வெடித்தது. அக்கா குருவிக்குக் கிண்ணத்தில் தண்ணீர் வைத்தார். அதே வாரம் டெங்கிக் காய்ச்சலுக்குப் பயந்து எங்கள் பிளாட்டில் எல்லோரும் கூடிச் செய்யும் கோத்தோங்-ரோயோங் நடந்தது. துப்புரவுப் பணிக்கு வந்த பிச்சைமுத்து அண்ணன், தேங்கிய தண்ணீரையெல்லாம் கவிழ்த்துக்கொண்டே வந்து அந்தக் கிண்ணத்தையும் கவிழ்த்தார்.

"அண்ணே, அது குருவிக்கு வெச்சது லா!"

"கொசு முட்ட போடும்மா. மறுபடி வைக்காத."

அவர் சொன்னதும் நியாயம்தான். கீழ்மாடிப் பிள்ளை ஒன்று அப்போதுதான் டெங்கி வந்து ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பியிருந்தது. அதனால்தான் அக்காவும் மறுபடி கிண்ணம் வைக்கவில்லை. ஆனால் தாய்க்குருவி அலகைப் பிளந்து இரைத்தது. குஞ்சுகளின் சத்தம் அடங்கிப்போனது.

"என் கண்ணு முன்னாடியே சாவப் போவுதுடி" என்று என்னிடம் அழுதார்.

மறுநாள் கடையில், பக்கத்தில் ஐஸ் தண்ணி விற்கிறவர் புலம்பினார்: "ஒங்க தர்பூசணியத் தின்னுட்டு ஒருத்தனும் எங்கிட்டத் தண்ணி கேக்க மாட்டேங்கிறான் லா!"

அக்கா கத்தியைக் கீழே வைத்தார்.

அன்று பப்பாளித் துண்டும் தர்பூசணித் துண்டும் வீட்டுக்கு வந்தன. பால்கனிக் கம்பியில் கட்டிவைத்தார். விடிந்ததும் தாய்க்குருவி வந்து தின்றது. அடுத்து குஞ்சுகளின் வாயில் ஊட்டியது. மத்தியானம் கூட்டில் ஒரே கூச்சல். அடுப்படியில் இருந்த எனக்கே கேட்டது.

அக்கா மறுபடி குருவிக்கு ஏதோ வைக்கிறார் என்று யாரோ போட்டுக்கொடுக்க, பிச்சைமுத்து அண்ணன் மூச்சிரைக்க மாடியேறி வந்தார். கம்பியைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தார். ஒரு சொட்டுத் தண்ணீர் தேங்கியிருக்கவில்லை.

"அன்னிக்குத் தண்ணியக் கவுத்தீங்க. இப்பப் பப்பாளியக் கவுங்க பாப்போம்!"

வராந்தாவே சிரித்தது. அவரும் சிரித்துவிட்டார். பொழுது சாய்வதற்குள் தோலையெல்லாம் எடுத்துவிட வேண்டும் என்று மட்டும் சொல்லிவிட்டு இறங்கினார். அக்கா ஒரு நாளும் தவறவில்லை.

குஞ்சுகள் பறந்த காலையில் நாங்கள் எல்லோரும் பால்கனியில் நின்றோம். முதல் குஞ்சு நேராக மரத்துக்குப் போனது. இரண்டாவது தடுமாறி, எதிர் பிளாக்கில் பிச்சைமுத்து அண்ணன் வீட்டுத் துணிக்கொடியில் போய் உட்கார்ந்தது. அக்கா நெஞ்சில் கை வைத்துக்கொண்டார்.

அங்கிருந்து அண்ணனின் குரல் பிளாட்டே அதிரும்படி வந்தது:

"யம்மா பெட்ரீசியா! ஒன் புள்ள இங்கதான் இருக்கு! சீக்கிரம் பப்பாளி கொண்டா லா!"